காடியும் குளிர்ச்சியும்: மட்டாஞ்சேரியின் ஒரு தொடுகறி சொல்லும் வரலாறு

மட்டாஞ்சேரியில் நெய்ச்சோறோ பிரியாணியோ உண்ண அமர்வோர் முன் சிறு கிண்ணம் ஒன்றில் இளஞ்சிவப்பு நிறத்தில் வெங்காயம் வைக்கப்படும். பெரிய வெங்காயத்தை மெல்லியதாக அரிந்து, உப்பிட்டுப் பிசறி, ஒருமுறை அலசிப் பிழிந்து, கீறிய பச்சைமிளகாயும் காடியும் சேர்த்துச் சற்று நேரம் ஊறவிட்டுக் குளிரவைத்த தொடுகறி அது. வெள்ளரியும் தக்காளியும் சேர்வதுண்டு. மலையாளத்தில் அதனைச் சள்ளாஸ் என்பர். சர்லாஸ் என்போரும் உளர். பங்குனி, சித்திரைப் புழுக்கத்தில் கொழுப்பு மிகுந்த சோற்றை உண்ணத் துணைநிற்பது இதுவே.

‘இது ஐரோப்பியர் விட்டுச்சென்ற சாலட்தானே’ என்று ஒரே வரியில் கடந்துபோவது எளிது. ஆய்வு மாணவர்கள் அவ்வாறு எழுதிய கட்டுரைகளைப் பலமுறை வாசித்திருக்கிறேன். அந்த முடிவு பிழையானது என்பதே என் வாதம். இந்தக் கிண்ணத்தில் உள்ள பெயர், புளிப்பு, குளிர்ச்சி ஆகிய மூன்றும் மூன்று வெவ்வேறு காலங்களைச் சேர்ந்தவை. அவற்றைப் பிரித்தறியாமல் உணவு வரலாறு எழுதினால், கப்பலேறி வந்தவர்களின் வரலாற்றையே மீண்டும் எழுதியவர்களாவோம்.

முதலில் பெயர். போர்த்துக்கீசியரின் ‘சலாதா’ என்னும் சொல் இலத்தீன மொழியில் உப்பைக் குறிக்கும் ‘சல்’ என்பதன் வழி வந்தது. உப்பிட்டது என்பதே அதன் அடிப்படைப் பொருள். இலங்கைத் தமிழில் அச்சொல் ‘சலாது’ என்று நிலைத்துவிட்டது. கொச்சியில் வழங்கும் சள்ளாஸ் என்னும் வடிவத்தின் ஈற்றில் நிற்கும் ‘ஸ்’ ஒலி, ஆங்கிலப் பன்மை வடிவத்தின் எச்சம் என்றே கருதுகிறேன். அவ்வாறாயின், 1500-இல் கப்ராலின் கப்பல்கள் கொச்சிக்கு வந்த காலத்திற்கு இப்பெயரைக் கொண்டுசெல்ல இயலாது. 1795-இல் ஆங்கிலேயர் டச்சுக்காரரிடமிருந்து கொச்சிக் கோட்டையைக் கைப்பற்றிய பிறகே இது வேரூன்றியிருக்க வேண்டும். பெயர் மிகப் பிந்தியது. ஆனால் பெயரின் வயதைப் பொருளின் வயதாகக் கொள்ளலாகாது.

அடுத்தது புளிப்பு. ஒரே நீர்மத்திற்கு இவ்வட்டாரத்தில் எத்தனை பெயர்கள் வழங்குகின்றன என்று பாருங்கள். ‘வினாகிரி’ என்பது போர்த்துக்கீசிய ‘வினாக்ரே’. புளித்த திராட்சை மது என்பது அதன் பொருள். ‘சுர்க்க’, ‘சொறுக்க’ என்பன பாரசீகச் ‘சிர்க்கா’வின் வழி வந்தவை, அரபிக்கடல் வணிகத்தோடு தொடர்புடையவை. தமிழ்க் ‘காடி’யோ புளித்த கஞ்சிநீரையும் புளித்த மதுநீரையும் ஒருங்கே குறிப்பது, நம் மருத்துவ நூல்களில் பயின்றுவரும் சொல். மலையாளத்தில் அதே ‘காடி’ இன்று மாட்டுக்கு வைக்கும் அரிசி கழுநீராகச் சுருங்கிவிட்டது. புளிப்பு நீர் போர்த்துக்கீசியரோடுதான் வந்ததென்றால், இரவல் சொல் ஒன்றே போதுமானதாயிருக்கும். மூன்று சொற்கள் நிலைபெற்றிருப்பது, மூன்று வழிகளில் மக்கள் அப்பொருளை அறிந்திருந்தனர் என்பதற்குச் சான்று.

பொருளின் இயல்பும் இதனையே உணர்த்துகிறது. தென்னங்கள் இறக்கிய சில மணி நேரத்திலேயே நொதிக்கத் தொடங்கும். அதைக் காற்றுப்பட விட்டுவைத்தால் நுண்ணுயிர்கள் மதுவை அசெட்டிக் அமிலமாக மாற்றிவிடும். இதனைக் கற்பிக்க லிஸ்பனிலிருந்து எவரும் வரவேண்டியதில்லை. விற்காமல் மிஞ்சிய கள்ளே கற்பித்துவிடும். போர்த்துக்கீசியர் கொண்டுவந்தது காடியை அன்று; இறைச்சியையும் பூண்டையும் காடியில் ஊறவைக்கும் ஒரு பழக்கத்தை. ‘விந்தாலு’ என்னும் சொல்லில் அது எஞ்சியிருக்கிறது. பச்சைமிளகாயும் அமெரிக்காவிலிருந்து அவர்கள் கப்பல்களின் வழியாகவே நம் கடற்கரைக்கு வந்தது. தக்காளியின் பயன்பாடு பரவியது அதற்கும் வெகுகாலம் கழித்து. வெள்ளரியோ இந்நாட்டுக்கே உரியது.

காய்களை உப்பிலும் புளிப்பிலும் ஊறவைக்கும் முறை அதற்கு முன்பே இங்கு வேரூன்றியிருந்ததற்குப் போர்த்துக்கீசியர் ஒருவரே சான்று. 1563-இல் கோவாவில் அச்சேறிய தம் உரையாடல் நூலில் கார்சியா த ஓர்த்தா, பச்சைச் சேராங்கொட்டையை உப்பிலிட்டு ‘அச்சார்’ என்னும் பெயரில் கடைத்தெருவில் விற்பதைக் குறிப்பிட்டு, தம் நாட்டில் ஒலிவக் காய்கள் விற்கப்படுவதோடு அதனை ஒப்பிடுகிறார். வந்தவர் இங்கே ஒரு புதுமையைக் கண்டார், கற்பிக்கவில்லை.

டச்சுக்காரர் காலத்திற்கு வருவோம். 1663-இல் கொச்சியைக் கைப்பற்றிய அவர்களின் ஆவணங்களில் மட்டாஞ்சேரியைப் பற்றிய செய்திகள் மிகுதி. மலபாரின் டச்சு ஆளுநர் வான் ரீட் தொகுப்பித்து 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்த ‘ஹோர்த்தூஸ் மலபாரிக்கூஸ்’ நூலுக்கு, ஈழவ வைத்தியர் இட்டி அச்சுதனோடு ரங்க பட், விநாயக பண்டிதர், அப்பு பட் என்னும் கொங்கணி வைத்தியர் மூவரும் துணைநின்றனர். அதன் மூன்றாம் தொகுதியில் இலும்பிப் புளி படத்தோடு இடம்பெற்றிருக்கிறது. மரத்தையும் காயையும் நூல் விரிவாக விவரிக்கிறது. ஆனால் சான்றுரைத்தோர் அனைவரும் ஆண்கள், வைத்தியர்கள். அக்காயைக் கீறி உப்பிட்டு ஊறவைத்த கைகள் அந்நூலில் இல்லை. ஆவணக்காப்பகத்தை மட்டும் நம்பும் உணவு வரலாற்றின் முதற்குறை இது.

சமய ஒழுக்கமும் ஆறிய உணவுக்குக் காரணமாய் அமைந்ததுண்டு. 1568-இல் எழுந்த பரதேசி யூதக் கோயிலைச் சூழ்ந்து வாழ்ந்த யூதர்களுக்கு ஓய்வுநாளில் தீ மூட்டலாகாது. காய்களை உப்பிலோ காடியிலோ ஊறப்போடுவதும் அன்று விலக்கப்பட்ட வேலைகளுள் அடங்கும். எனவே சனிக்கிழமை உண்ணவேண்டிய ஊறிய காய் வெள்ளி மாலைக்குள் ஆயத்தமாகிவிட வேண்டும். கொங்கணி வீடுகளிலும் தமிழ்ப் பிராமணர் வீடுகளிலும் கோடையில், குறிப்பாக இராமநவமியன்று, ஊறவைத்த பாசிப்பருப்போடு வெள்ளரி சேர்த்த கோசம்பரி உண்டு, ஆனால் அங்கே புளிப்புக்கு எலுமிச்சையும் மாங்காயுமே, காடி இல்லை. ஒரே வெயில், ஒரே வெள்ளரி. புளிப்பு மட்டும் தெருவுக்குத் தெரு மாறியது.

மூன்றாவது குளிர்ச்சி. ‘குளிர்ச்சி’ என்று தமிழில் சொல்லும்போது பெரும்பாலும் உடலுக்குக் குளிர்ச்சி என்னும் பண்பையே சுட்டுகிறோம். தொட்டால் சில்லென்றிருக்கும் குளிர்ச்சி வேறு. மதுரையின் வறண்ட கோடையில் மண்பானை நீர் நன்றாகக் குளிரும். பானையின் புறத்தே கசியும் நீர் விரைந்து ஆவியாவதே காரணம். கடலும் காயலும் சூழ்ந்த மட்டாஞ்சேரியில் காற்றின் ஈரப்பதம் மிகுதி. ஆவியாதல் மெல்ல நிகழும். பானையின் பயனும் குறையும். ஆகவே பழங்காலத்தில் இத்தொடுகறி தந்த இதம், காடியும் வெள்ளரியும் நாவில் தந்த இதமே.

பனிக்கட்டியின் கதை இதற்கு வெளியே நிகழ்ந்தது. அமெரிக்க ஏரிகளில் வெட்டிய பனிக்கட்டியை டியூடர் என்னும் வணிகர் 1833-இல் கல்கத்தாவில் இறக்கினார். சென்னையில் 1842-இல் எழுந்த பனிக்கட்டிக் கிடங்குதான் இன்றைய விவேகானந்தர் இல்லம். அந்தப் பனிக்கட்டி மாகாணத் தலைநகரங்களின் துரைமார் மேசைகளுக்கானது. கொச்சியில் குளிர் பொதுப்பொருளானது இறாலின் பொருட்டு. 1953-இல் கொச்சியிலிருந்து உறைந்த இறால் ஏற்றுமதி தொடங்கியது. 1957-இல் மத்திய மீன்வளத் தொழில்நுட்ப நிறுவனம் இங்கே அமைந்தது. பனிக்கட்டி ஆலைகள் பெருகின. இந்தியாவில் செய்த முதல் குளிர்பதனப் பெட்டியை கோத்ரெஜ் 1958-இல் வெளியிட்டது. நடுத்தர வீடுகளுக்கு அது வந்துசேர மேலும் பல ஆண்டுகள் ஆயின. ஆக, ‘குளிரவைத்து’ என்னும் இறுதிப் படி சமையற்குறிப்பில் சேர்ந்து மிஞ்சிப்போனால் எழுபது ஆண்டுகள்.

இவ்வளவையும் பிணைக்கும் நான்காவது கூறு ஒன்றுண்டு. அது சட்டம். கள் இல்லையேல் கள்ளுக்காடி இல்லை. மட்டாஞ்சேரி கொச்சி அரசின் பகுதி. அங்கே கொல்லம் ஆண்டு 1077-இல், அதாவது 1902-இல், இயற்றப்பட்ட அப்காரிச் சட்டம் நடைமுறையில் இருந்தது. கள் வரிக்குட்பட்ட பொருள், தடைசெய்யப்பட்டதன்று. நடந்தே சென்றுவிடக்கூடிய தொலைவில் உள்ள கோட்டைக் கொச்சியோ ஆங்கிலேயர் ஆட்சியில் மலபார் மாவட்டத்தின், எனவே சென்னை மாகாணத்தின் பகுதி. 1948-க்குள் அம்மாகாணம் முழுவதற்கும் மதுவிலக்கு விரிவாக்கப்பட்டது. இணைந்து கிடந்த இரு குடியிருப்புகளுக்கு இருவேறு மதுச்சட்டங்கள். 1956-இல் மலபார் கேரளத்தோடு இணைந்தது. 1967-இல் கொச்சியின் அப்காரிச் சட்டம் மாநிலம் முழுமைக்கும் விரிந்தது. அதே ஆண்டில் கோட்டைக் கொச்சி, மட்டாஞ்சேரி, எர்ணாகுளம் மூன்றும் ஒரே மாநகராட்சியாயின.

தமிழ்நாட்டின் நிலையை இதனோடு ஒப்பிடுக. 1937-இல் சேலத்தில் தொடங்கிய மதுவிலக்கு பல திருப்பங்களைக் கண்டது. 1987 முதல் கள் விற்பனைக்கு இடமில்லை. நம் ஊர்ப் பிரியாணிக்குத் தயிர் வெங்காயம் துணையாக நிற்பதற்குச் சட்டம் மட்டுமே காரணம் என்று சொல்லமாட்டேன். தயிர்ப் பச்சடியின் மரபு மிகப் பழையது. ஆனால் கள்ளுக்காடி என்னும் ஒரு சுவை நம் சமையலறையிலிருந்து வழக்கொழிந்ததில் சட்டத்திற்குப் பங்குண்டு என்று உறுதியாகச் சொல்வேன். ‘காடி’ என்னும் சொல் இன்று நம் மாணவர்களுக்கு அகராதியில் மட்டுமே கிடைக்கிறது. சொல் நம்மிடம் இருக்கிறது. பொருள் அவர்களிடம் இருக்கிறது.

அவர்களிடமும் அது நிலைத்திருக்கும் என்பதற்கு உறுதியில்லை. கடைகளில் கிடைப்பதில் பெரும்பங்கு, அசெட்டிக் அமிலத்தை நீரில் கலந்த செயற்கை வினிகர். புளிப்பு அதே அளவில் இருக்கும். கள்ளின் மணமும் மென்மையும் இருக்கா. கள் இறக்குவோர் குறைந்துவரும் நிலையில் அடுத்த தலைமுறைச் சள்ளாஸ் பெயரால் மட்டுமே பழையதாக இருக்கக்கூடும்.

உணவை ‘உள்நாட்டது’, ‘வெளிநாட்டது’ என்று இரண்டாகப் பகுக்கும் ஆய்வுமுறை இவ்விடத்தில் பயன்படாது. பெயர் ஆங்கிலேயர் காலத்தது, மிளகாய் அமெரிக்காவினுடையது, புளிப்பு தென்னையினுடையது, குளிர் இறால் வணிகத்தினுடையது, இவை ஒன்றுசேர இடமளித்தது ஒரு சிற்றரசின் கலால் சட்டம். இவற்றுள் ஒன்றைப் பற்றியாவது எழுத்தாவணம் உண்டு. இவற்றை ஒரு கிண்ணத்தில் சேர்த்த பெண்களைப் பற்றி இல்லை.

ஆய்வு மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்தமுறை களப்பணிக்குச் செல்லும்போது வீட்டின் மூத்த பெண்மணியிடம் மூன்று வினாக்களை மட்டும் கேளுங்கள்: புளிப்புக்கு முன்பு எதைச் சேர்த்தீர்கள்? அது யாரிடமிருந்து கிடைத்தது? எந்த ஆண்டில் அது நின்றது? விடைகளை அவர்கள் சொன்ன சொற்களிலேயே, வட்டார வழக்கைத் திருத்தாமல், குறித்து வையுங்கள். அந்தக் கடைசி வினாவின் விடையைத் தரக்கூடியவர்கள் ஆண்டுதோறும் குறைந்துகொண்டே வருகிறார்கள்.