கோள்களின் சுவை, சமயபுரத்தின் பட்டினி

6ஆம் நூற்றாண்டில் வராகமிகிரர் எழுதிய பிருஹத் ஜாதகம் ஏழு கோள்களுக்கும் சுவை வகுத்தது. சூரியனுக்குக் கார்ப்பு, சந்திரனுக்கு உவர்ப்பு, செவ்வாய்க்குக் கைப்பு, வியாழனுக்கு இனிப்பு, வெள்ளிக்குப் புளிப்பு, சனிக்குத் துவர்ப்பு. சுவைகள் ஆறு, கோள்கள் ஏழு. எஞ்சிய புதனுக்குக் கலப்புச் சுவை. வானத்தைப் பார்த்துக் கண்டறிந்த பட்டியல் இப்படி அமைந்திருக்காது. மருத்துவ நூல்கள் முன்பே வகுத்த அறுசுவையை மேலே ஏற்றி வைத்திருக்கிறார்கள் என்பதற்குப் புதனே சாட்சி.

வழிபாடும் படையலும் இந்தப் பட்டியலைத்தானே பின்பற்றுகின்றன என்று கேட்கலாம். நவக்கிரகங்களுக்குத் தனித்தனித் தானியம் உண்டு என்பது உண்மை. சமயபுரம் மாரியம்மன் 27 நட்சத்திரங்களையும் ஆள்பவள் என்றே தலமரபும் சொல்கிறது. ஆனால் அங்கே மாசிக் கடைசி ஞாயிறு முதல் 28 நாள் அம்மன் தன் மக்களுக்காகப் பச்சைப் பட்டினி இருக்கிறாள். சமைத்த நைவேத்தியம் கிடையாது. துள்ளுமாவு, பானகம், நீர்மோர், இளநீர் போன்றவை மட்டுமே. அந்த 28 நாளில் ஒவ்வொரு கோளின் கிழமையும் நான்கு முறை வருகிறது. சந்திரனும் 27 நட்சத்திரங்களையும் ஒரு சுற்றுக் கடந்துவிடுகிறது. படையலோ நாளுக்கு நாள் மாறுவதில்லை. கைப்புக்கு அதில் இடமே இல்லை. கோடை தொடங்கி, அம்மைநோய் பரவும் பருவம் அது. உடலைக் குளிர்விப்பவையே அம்மனுக்குப் படைக்கப்படுகின்றன. சுவையைத் தேர்ந்தது காவிரிக்கரையின் வெயில்தான் என்றே கருதுகிறேன்; அதைக் கண்டுகொண்ட பக்தர்களின் அறிவு எனக்கு ஏட்டுப் பட்டியலைவிடப் பெரிது.