பால் மரமும் போலிங் பந்தும்



குனோங் ராபாட் சுண்ணாம்புக் குன்றுகளின் அடிவாரத்தில் இன்று வாழும் நம் குடும்பங்களில் பல, ஒரு காலத்தில் பேராக் மாநிலத்து ரப்பர்த் தோட்டங்களில் விடியுமுன் பிரட்டுக்கு நின்ற குடும்பங்கள். தோட்டங்கள் துண்டாடப்பட்டன, பால் மரங்கள் இருந்த இடத்தில் செம்பனை வந்தது, பிறகு வீடமைப்புப் பகுதிகள் வந்தன. லயத்தை விட்டுப் பட்டணத்து ஓரத்துக்கு வந்துவிட்டோம்.

ஞாயிற்றுக்கிழமை பேரங்காடிக்குப் போனால் மகன் கையை நீட்டுகிறான். "அப்பா, காசு கொடுங்கள், போலிங் இயந்திரத்தில் விளையாட வேண்டும்" என்கிறான். திரையில் ஒரு பந்து ஓடுகிறது, பத்துக் கட்டைகள் சரிகின்றன, விளக்கு மின்னுகிறது. "இதற்கும் நமக்கும் என்னடா சம்பந்தம்?" என்று அப்பா கேட்கிறார். சம்பந்தம் இருக்கிறது, நேயர்களே. உளி பிடித்த கைக்கும் அந்தப் பந்துக்கும் உள்ள உறவைத்தான் இன்றைய உரையில் காணப் போகிறோம். அந்த விளையாட்டில் வெல்லும் வழியையும் போகிற போக்கில் தெரிந்துகொள்வோம்.

முதலில் விளையாட்டு எது என்று பார்ப்போம். அறுபது அடி நீளமுள்ள பளபளப்பான மரத் தடம். அதன் கோடியில், பதினைந்து அங்குல உயரமுள்ள பத்துக் கட்டைகள் முக்கோணமாக நிற்கும். முன்னால் ஒன்று, அடுத்து இரண்டு, பிறகு மூன்று, கடைசி வரிசையில் நான்கு. பந்தின் எடை பதினாறு இறாத்தலுக்கு மிகக் கூடாது. ஓர் ஆட்டத்துக்குப் பத்துச் சுற்று. ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு முறை பந்தை உருட்டலாம்.

ஐரோப்பியர் இதை ஒன்பது கட்டைகளோடு ஆடினர். ஜெர்மானியக் குடியேறிகள் அதை அமெரிக்காவுக்குக் கொண்டு சென்றனர். அங்கே ஆட்டத்தோடு பந்தயப் பணமும் சேர்ந்துகொண்டது. 1841இல் கனெக்டிகட் மாநிலம் ஒன்பது கட்டை ஆட்டக் கூடங்களைச் சட்டத்தால் தடுத்தது. 'ஒன்பதுக்குத்தானே தடை?' என்று பத்தாவது கட்டையைச் சேர்த்துவிட்டார்கள் என்று ஒரு கதை வழங்குகிறது. ஆனால் அதற்கு முன்பே பத்துக் கட்டை ஆட்டம் இருந்ததற்குச் சான்றுகள் உண்டு. எப்படியானாலும், 1895 செப்டம்பரில் நியூயார்க் நகரில் அமெரிக்க போலிங் காங்கிரஸ் என்ற அமைப்பு தோன்றி, பத்துக் கட்டைக்கு ஒரே விதியை வகுத்தது. அந்த விதிதான் உலகெங்கும் பரவியது.

இனிப் பந்தின் கதைக்கு வருவோம். அந்தக் காலத்துப் பந்து மரத்தால் ஆனது. லிக்னம் விட்டே என்ற கடினமான மரத்தைக் கடைந்து செய்வார்கள். மரம் எவ்வளவு உறுதியானாலும் வெடிக்கும், ஈரத்தில் உப்பும், நாளடைவில் உருண்டை வடிவம் கெடும். 1905இல் கடின ரப்பரால் ஆன பந்து சந்தைக்கு வந்தது. 1914இல் பிரன்ஸ்விக் நிறுவனம் 'மினரலைட்' என்ற ரப்பர்ப் பந்தை விற்கத் தொடங்கியது. மரப்பந்தின் காலம் முடிந்தது.

"ரப்பர் என்றால் மெத்தென்று இருக்குமே, அது எப்படிக் கட்டையை வீழ்த்தும்?" என்று கேட்பீர்கள். ரப்பரோடு சிறிதளவு கந்தகம் சேர்த்துச் சூடாக்கினால் அது இழுபடும் தன்மையோடு உறுதியும் பெறும். 1839இல் சார்லஸ் குட்இயர் கண்டறிந்த முறை இது. வாகனச் சக்கரத்து ரப்பர் இந்த வகை. நூறு பங்கு ரப்பருக்கு முப்பது பங்குக்கு மேல் கந்தகம் சேர்த்து நெடுநேரம் சூடாக்கினாலோ, அது கருங்கல்போல் இறுகிவிடும். எபோனைட் என்பார்கள். சீப்பு, பேனா, மின்கலப் பெட்டி எல்லாம் இதில் செய்தார்கள். போலிங் பந்தும் இந்த வழியில்தான் பிறந்தது.

அந்த ரப்பர் எங்கிருந்து வந்தது? 1876இல் ஹென்றி விக்ஹம் பிரேசில் நாட்டிலிருந்து சுமார் எழுபதாயிரம் ரப்பர் விதைகளை இலண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுபோனார். அங்கே முளைத்த கன்றுகளிலிருந்து இருபத்திரண்டு கன்றுகள் 1877இல் சிங்கப்பூர் வந்தன. அவற்றில் ஒன்பது, நம் பேராக் மாநிலத்துக் கோலகங்சாரில் நடப்பட்டன. அப்போதைய ஆங்கில ஆட்சிப் பிரதிநிதி ஹியூ லோ அவற்றை நட்டார். அந்தக் காலத்து மரம் ஒன்று இன்றும் கோலகங்சாரில் காட்சிப் பொருளாகக் காக்கப்படுகிறது.

முதல் ரப்பர்ப் பந்து வந்த 1905இல், உலகச் சந்தையில் பெரும்பங்கு பிரேசில் காட்டு ரப்பர்தான். ஆனால் 1914க்குள் தோட்ட ரப்பர் காட்டு ரப்பரை முந்திவிட்டது. மலாயா முதலிடம் பிடித்தது; அமெரிக்கா அதை மிகுதியாக வாங்கியது. எந்தப் பந்தில் எந்தத் தோட்டத்துப் பால் சேர்ந்தது என்று முத்திரை குத்தி வைக்கவில்லை. எனினும், பனியில் நனைந்து மரம் மரமாக ஓடி, மங்கிலே சொட்டிய பாலை வாளியில் சேர்த்து, தலையிலும் தோளிலும் சுமந்து நிறுவைக்குக் கொண்டுவந்தவர்களின் உழைப்பு, கடல் கடந்து சக்கரமாகவும் காலணியாகவும் விளையாட்டுப் பந்தாகவும் உருண்டது. உருட்டியவருக்கு அது தெரியாது, வெட்டியவருக்கும் தெரியாது.

அமெரிக்கக் கூடங்களிலும் கண்ணுக்குத் தெரியாத கைகள் சில இருந்தன. விழுந்த கட்டைகளை மீண்டும் நிறுத்துவதற்கு, தடத்தின் கோடியில் ஒரு பள்ளத்தில் சிறுவர்கள் காத்திருப்பார்கள். பந்து வரும்போது மேலே தாவி உட்கார வேண்டும்; வந்து போனதும் குதித்து இறங்கிக் கட்டைகளை அடுக்க வேண்டும்; பந்தைத் திருப்பி அனுப்ப வேண்டும். சிதறும் கட்டை பட்டுக் காயம் அடைவதும் உண்டு. ஆட்டத்துக்கு இவ்வளவு என்று சில்லறைக் கூலி. காட்ஃபிரீட் ஷ்மிட் என்பவர் கட்டைகளைத் தானே தூக்கி நிறுத்தும் இயந்திரத்தை உருவாக்கினார். ஏ.எம்.எஃப். நிறுவனம் அதை 1946இல் பஃபலோ நகரில் மக்களுக்குக் காட்டியது. 1950களின் தொடக்கத்தில் விற்பனைக்கும் வந்தது. அதன்பின் அந்தச் சிறுவர்களின் வேலை மெல்ல மறைந்தது.

ரப்பர்ப் பந்துக்கும் அதே கதிதான். 1942இல் மலாயா ஜப்பானியர் கையில் விழுந்ததும் அமெரிக்காவுக்கு இயற்கை ரப்பர் வரத்து நின்றது. செயற்கை ரப்பர்த் தொழிற்சாலைகளை அவர்கள் அவசரமாக எழுப்பினர். போர் முடிந்த பின்னும் அவை நிற்கவில்லை. 1960 வாக்கில் பிளாஸ்டிக் வகையைச் சேர்ந்த பாலியெஸ்டர்ப் பந்து வந்தது. 1980களின் தொடக்கத்தில் யூரிதேன் பந்து வந்தது. கடின ரப்பர்ப் பந்து ஓரம் கட்டப்பட்டது. ஒரு பொருள் மாறினால் ஒரு தொழில் மாறுகிறது. ஒரு தொழில் மாறினால் ஆயிரம் அடுப்புகள் இடம் மாறுகின்றன. நமக்கு இதை யாரும் பாடம் நடத்திச் சொல்ல வேண்டியதில்லை.

சரி, மகன் கேட்ட இயந்திரத்துக்கு வருவோம். அதன் முகப்பில் பாதி புதைந்த உருண்டை ஒன்று இருக்கும். உள்ளங்கையால் தள்ளினால் சுழலும். திரையில் பந்து ஓடும். இந்த உருண்டைக்கும் ஒரு வரலாறு உண்டு. 1946இல் ஆங்கிலேயப் பொறியாளர் ரால்ஃப் பெஞ்சமின் இதை ராடார் கருவிக்காகச் சிந்தித்தார். போர்க்கருவி என்பதால் இரகசியமாக வைத்தனர். சில ஆண்டுகளில் கனடாவின் கடற்படைக்காக 'டாட்டார்' என்ற கருவியை அமைத்த பொறியாளர்கள், திரையில் குறியை நகர்த்த ஓர் உருண்டை தேடினர். கையில் கிடைத்தது எது தெரியுமா? கனடா நாட்டினர் ஆடும் ஐந்து கட்டை போலிங்கின் சிறிய பந்து! போலிங் பந்து கணினிக்குள் புகுந்தது இப்படித்தான். 1978இல் அட்டாரி நிறுவனம் கால்பந்து இயந்திரம் ஒன்றில் இந்த உருண்டையை வைத்தது. 1988இல் வந்த 'கேப்காம் போலிங்' என்ற இயந்திரத்தில், உருண்டையைத் தள்ளியே போலிங் ஆடினார்கள். புறப்பட்ட இடத்துக்கே உருண்டை திரும்பி வந்துவிட்டது. உருண்டையின் அடியில் இரண்டு சிறு தண்டுகள் சுழலும். ஒன்று முன்பின் அசைவையும், மற்றது இடவல அசைவையும் எண்ணும். அந்த எண்ணிக்கையைக் கொண்டே வேகத்தையும் வளைவையும் இயந்திரம் கணக்கிடுகிறது.

ஆகவே வெல்லும் வழி இதுதான். ஓங்கி அடிப்பதால் பயன் இல்லை. ஒரே சீராகத் தள்ளுங்கள். கை கோணினால் பந்தும் கோணும். நேர் நடுவில் முதல் கட்டையை மோதாதீர்கள். அப்படி மோதினால் இரு ஓரங்களிலும் கட்டைகள் நின்றுவிடும். பிறகு இரண்டையும் ஒரே பந்தால் வீழ்த்துவது அரிது. வலக்கைக்காரர் முதல் கட்டைக்கும் அதன் வலப்பக்கத்துக் கட்டைக்கும் இடையிலான சந்தைக் குறிவைக்க வேண்டும்; இடக்கைக்காரருக்கு இடப்பக்கத்துச் சந்து. மெல்ல வளைந்து, சுமார் ஆறு பாகைக் கோணத்தில் பந்து அங்கே நுழைவது நல்லது. பத்தும் சரியும் நல்ல வீச்சில்கூடப் பந்து நேராகத் தொடுவது நான்கு கட்டைகளை மட்டுமே. மற்ற ஆறும் ஒன்றை ஒன்று தள்ளி விழுபவை. தடத்தில் உள்ள அம்புக்குறிகளைப் பாருங்கள். கட்டையைவிட அவை அருகில் இருப்பதால் குறி பிசகாது.

கணக்கையும் அறிந்துகொள்ளுங்கள். முதல் பந்திலேயே பத்தும் விழுந்தால் 'ஸ்டிரைக்'. பத்தோடு அடுத்த இரண்டு பந்துகளின் புள்ளியும் சேரும். இரண்டாம் பந்தில் மீதியை முடித்தால் 'ஸ்பேர்'. பத்தோடு அடுத்த ஒரு பந்தின் புள்ளி சேரும். பன்னிரண்டு ஸ்டிரைக் தொடர்ந்து போட்டால் 300, அதுவே உச்சம். இப்போது இரண்டு பிள்ளைகளை எண்ணிப் பாருங்கள். இருவரும் ஒவ்வொரு சுற்றிலும் முதல் பந்தில் ஒன்பது கட்டை வீழ்த்துகிறார்கள். ஒருவன் மீந்த ஒன்றை அலட்சியமாக விடுகிறான். அவனுக்கு மொத்தம் 90. மற்றவன் ஒவ்வொரு முறையும் அந்த ஒற்றைக் கட்டையை நிதானமாக முடிக்கிறான், அவனுக்கு 190. கட்டை ஒன்று; வேற்றுமை நூறு! பால்மரத்தில் பட்டையை மட்டுமே சீவி, கட்டையில் உளி படாமல் வெட்டும் கைக்கு இந்த நிதானம் புதிதல்ல.

நம் நாட்டிலும் இந்த விளையாட்டு வேரூன்றியுள்ளது. 1978 பாங்காக் ஆசிய விளையாட்டுப் போட்டியில் போலிங் முதன்முறையாக இடம்பெற்றது. 2005இல் மலேசியாவின் எஸ்தர் சியா உலகப் பெண்கள் ஒற்றையர் பட்டம் வென்றார். மலேசிய போலிங் காங்கிரஸின் தலைவராகப் பல ஆண்டுகள் உழைத்தவர் பி. எஸ். நாதன். நம் பிள்ளைகளுக்கு இது எட்டாத கனி அல்ல.

ஆனால் ஒரு சொல், பெற்றோர்களே. 1841இல் கனெக்டிகட் அஞ்சிய அதே அச்சம் நம் நாட்டிலும் எழுந்தது. விளையாட்டு என்ற பெயரில் சூதாட்டம் நடப்பதாகக் கண்டு, வீடியோ விளையாட்டு நிலையங்களை மூட 2000ஆம் ஆண்டில் மலேசிய அரசு முடிவெடுத்தது. குற்றம் பந்தில் இல்லை, பந்தயத்தில் இருக்கிறது. தோட்டங்கள் துண்டாடப்பட்ட காலத்தில், 1960இல் தொடங்கிய தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தில் மாதம் பத்து வெள்ளியாகக் கட்டி நிலத்துக்குப் பங்காளியானவர்கள் நம் மக்கள். சிறு காசு என்ன செய்யும் என்று நமக்குத் தெரியும். ஆகவே, பிள்ளை இயந்திரத்தின் முன் நிற்குமுன் எத்தனை காசு என்று முடிவு செய்து கையில் கொடுங்கள். அது தீர்ந்தால் ஆட்டம் முடிந்தது. தோற்றதை மீட்கப் போடும் காசு திரும்பி வராது.

விளையாடி முடித்ததும் அவனை அருகில் அழைத்து, இந்தப் பந்து ஒரு காலத்தில் பால் மரத்திலிருந்து வந்தது என்று சொல்லுங்கள். தாத்தாவின் உளி வீட்டில் இருந்தால் எடுத்துக் காட்டுங்கள். அவன் அதைத் தொட்டுப் பார்க்கட்டும்.