யவனர் என்னும் பெயரும் ஒரு பழம்போரும்

சங்கப் பாடல்களில் நாம் காணும் 'யவனர்' என்பது கிரேக்கர் அனைவரும் தமக்கு இட்டுக்கொண்ட பெயரன்று. அவர்கள் தம்மை எல்லேனர் என்றனர். சின்ன ஆசியாவின் மேலைக் கரையில் வாழ்ந்த அயோனியரை முதலில் அடிப்படுத்திய பாரசீகர், அவர்தம் பெயரை 'யவுனா' என வாங்கி எல்லாக் கிரேக்கர்க்கும் வழங்கினர். பெகிஸ்தூன் பாறையில் தாரியசு மன்னன் மும்மொழியில் பொறித்த கல்வெட்டில், அடங்கிய நாடுகளின் வரிசையில் அச்சொல் நிற்கிறது. அயோனியர் தம் வழக்கில் இழந்துவிட்ட பழைய வகரம் நம் சொல்லில் இன்றும் ஒலிக்கிறது என்பது மொழியியலார்க்கு இனிய செய்தி.

கிரேக்கரும் இப்பிழைக்கு விலக்கல்லர். பாரசீகரை அவர்கள் 'மீதியர்' என்றே அழைத்தனர். மீதியரையோ சைரசு கி.மு. 550 அளவிலேயே வென்றுவிட்டான். பாரசீகரோடு இணங்கிய கிரேக்கரைப் பழிக்க 'மீதியராதல்' என்றொரு வினையும் பிறந்தது.

யாரை அவ்வாறு பழிப்பது? பாடநூல்கள் காட்டுவதுபோல் அப்போரில் இரண்டு இனங்கள் மட்டும் எதிரெதிர் நிற்கவில்லை. கி.மு. 499இல் கிளர்ந்தெழுந்த அயோனியர் 494இல் மிலேத்தசு நகரை இழந்தனர். 480இல் சலாமிசுக் கடலில் அதே அயோனியர் செர்க்சசின் கப்பல்களில் நின்று ஏதென்சை எதிர்த்தனர். எதிரே ஏதென்சின் கப்பல்களில் துடுப்பு வலித்தோருள் மிகப் பலர் நிலமற்ற ஏழைக் குடிகள். கவசம் வாங்கவும் வகையற்ற அவர்கள் குரல், பின்னர் மக்கள் மன்றத்தில் ஓங்கியது.

அயோனியர்க்கு அத்தகைய பேறு வாய்க்கவில்லை. பெர்செப்போலிசின் களிமண் பலகைகளில் யவுனா வேலையாட்கள் பெற்ற தானியப்படி பதிவாகியுள்ளது. பெரும்பாலும் ஈலாமிய மொழியிலமைந்த அத்தொகுதியில் ஒரேயொரு பலகை கிரேக்கத்தில் உள்ளது. அது கூறுவது மதுவின் அளவு.