ஒன்றே முக்கால் ரூபாய்

1878 செப்டம்பர். திருவல்லிக்கேணி இளைஞர்கள் ஆறு பேரிடம் கோபம் நிறைய இருந்தது, காசுதான் இல்லை. சென்னை உயர் நீதிமன்றத்தின் முதல் இந்திய நீதிபதியாக தி. முத்துசாமி ஐயரை அரசாங்கம் நியமித்திருந்தது. ஆங்கிலேயர் நடத்திவந்த பத்திரிகைகளுக்கு அது பொறுக்கவில்லை. ஓர் இந்தியர் அந்த நாற்காலியில் உட்காருவதா என்று வரிந்துகட்டி எழுதின. இதற்குப் பதிலை நாமே அச்சடித்துவிடுவோம் என்று கிளம்பினார்கள் அந்த ஆறு பேர். ஒரு ரூபாய் பன்னிரண்டு அணா கடன் வாங்கி, தங்கசாலைத் தெரு ஸ்ரீநிதி அச்சகத்தில் 80 பிரதிகள் போட்டார்கள். 20-ஆம் தேதி வெளிவந்த அந்த வார இதழின் பெயர் ‘தி ஹிந்து’. விலை நாலணா.

ஆறு பேரில் நால்வர் சட்டம் படித்துக்கொண்டிருந்தவர்கள். படிப்பு முடிந்ததும் அவரவர் வழியில் போய்விட்டார்கள். எஞ்சி நின்றவர்கள் இரண்டு வாத்தியார்கள். ஒருவர் எம். வீரராகவாச்சாரியார். இன்னொருவர் இந்த வாரத்து நாயகர், ஜி. சுப்பிரமணிய ஐயர். அப்போது அவருக்கு வயது 23.

ஊர் திருவையாறு. தந்தை கணபதி ஐயர் அங்கே முன்சீப் கோர்ட்டில் வக்கீல். பையனுக்குப் பதின்மூன்று வயதானபோதே தந்தை காலமானார். தஞ்சாவூரில் படிப்பு, சென்னையில் ஆசிரியர் பயிற்சி, பள்ளிக்கூட வேலை, வேலையில் இருந்துகொண்டே தனித்தேர்வராக எழுதித் தேறிய பி.ஏ. பட்டம். வகுப்பில் பாடம் நடத்திய அந்தப் பழக்கம் பத்திரிகையிலும் அவரை விடவில்லை. வாசகனை மிரட்டாமல், விஷயத்தைப் படிப்படியாக விளக்கி, கடைசியில் அரசாங்கத்தைக் கேள்வி கேட்க வைத்துவிடுவார். வார இதழ் 1883-இல் வாரம் மும்முறையானது. 1889-இல் நாளிதழானது.

இடையில் அரசியல். 1884-இல் சென்னை மகாஜன சபையைத் தொடங்கியவர்களில் அவர் ஒருவர். அடுத்த ஆண்டு டிசம்பர் 28-ஆம் தேதி பம்பாயில் காங்கிரஸ் முதன்முதலாகக் கூடியபோது வந்திருந்தவர்கள் 72 பேர். இந்திய நிர்வாகத்தை விசாரிக்க ஒரு கமிஷன் வேண்டும் என்ற முதல் தீர்மானத்தை முன்மொழிய எழுந்தவர், முப்பது வயதான இந்தத் திருவையாற்றுக்காரர். காங்கிரஸின் வரலாறு ஒரு பத்திரிகைக்காரரின் தீர்மானத்தோடு தொடங்குகிறது என்பதை நம் பள்ளிப் பிள்ளைகளுக்கு யாராவது சொல்லித்தர வேண்டும்.

அதே பம்பாய்க்கு அவர் 1889 காங்கிரஸுக்கும் போனார். இம்முறை மகள் சிவப்பிரியாவையும் அழைத்துக்கொண்டு. அந்தப் பெண் சின்னஞ்சிறு வயதில் கல்யாணமாகி, பருவமடையும் முன்பே தாலி இழந்தவள். விதவைக் குழந்தைகளின் கொடுமையைப் பற்றி அவர் பத்திரிகையில் பத்தி பத்தியாக எழுதிக்கொண்டிருந்த காலத்தில், வீட்டுக்குள்ளேயே அப்படி ஒரு குழந்தை இருந்தாள். எழுதுவதை நிறுத்தியிருக்கலாம், எழுதிவிட்டு வீட்டில் சும்மா இருந்திருக்கலாம். அந்தக் காலத்துச் சீர்திருத்தக்காரர்களில் அப்படி இருந்தவர்கள் உண்டு. இவர் பம்பாயில் வைத்து மகளுக்கு மறுமணம் செய்துவைத்தார்.

திரும்பி வந்தபோது சென்னை பழைய சென்னையாக இல்லை. சொந்தக்காரர்கள் விலகினார்கள். சாதி அவரை ஒதுக்கி வைத்தது. அந்நாளில் வைதிகக் குடும்பம் ஒன்றுக்கு ஒதுக்கிவைப்பு என்றால் என்ன என்று இன்று நினைத்துப் பார்ப்பதே கடினம். வீட்டுக்குப் புரோகிதர் வரமாட்டார். விசேஷத்துக்கு அழைப்பு வராது. நேற்றுவரை பந்தியில் பக்கத்து இலையில் உட்கார்ந்தவர் தெருவில் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவர் பேனா அதற்குப் பிறகும் தணியவில்லை. ‘தி ஹிந்து’வின் சமூகச் சீர்திருத்தக் குரலைப் பழமைவாதி வாசகர்கள் விரும்பவில்லை. கூட்டாளி வீரராகவாச்சாரியாருக்கும் அவருக்கும் இடையே விரிசல் வளர்ந்தது. 1898-இல், இருபது வருஷம் வளர்த்த பத்திரிகையை விட்டு ஐயர் வெளியேறினார். முந்தைய ஆண்டுதான் லண்டன் போய், இந்தியாவின் செலவுக் கணக்கை ஆராய்ந்த வெல்பி கமிஷன் முன் கோகலே, வாச்சா, சுரேந்திரநாத் பானர்ஜி ஆகியோரைப் போலத் தாமும் சாட்சியம் அளித்துத் திரும்பியிருந்தார். புகழின் உச்சியில் இருந்தவர் கையில் இப்போது ஆங்கிலப் பத்திரிகை இல்லை.

தமிழ் இருந்தது. 1882-லேயே அவர் ‘சுதேசமித்திரன்’ என்ற தமிழ் வார இதழைத் தொடங்கியிருந்தார். (எட்டயபுரத்தில் பாரதி பிறந்ததும் அதே வருஷம்.) ஆங்கிலம் அறிந்த ஒரு சிலரிடம் பேசினால் போதாது, வரி கட்டும் குடியானவனுக்கும் கடைக்காரனுக்கும் அவன் வரிப்பணம் எங்கே போகிறதென்று தெரிய வேண்டும் என்பது அவர் எண்ணம். இப்போது முழு உழைப்பையும் அதில் போட்டார். 1899-இல் சுதேசமித்திரன் தமிழின் முதல் நாளிதழாக வெளிவரத் தொடங்கியது. அந்தக் கல்யாணம் மட்டும் நடக்காமல் இருந்திருந்தால் அவர் ஆங்கிலப் பத்திரிகையின் ஆசிரியராகவே காலம் கழித்திருப்பார் என்று எனக்குத் தோன்றும். ஒரு தகப்பனுக்கு வந்த நஷ்டத்திலிருந்து தமிழுக்கு ஒரு தினசரி கிடைத்தது.

தினசரிக்கு ஆள் வேண்டும். 1904-இல் மதுரை சேதுபதி உயர்நிலைப் பள்ளியில் தற்காலிகத் தமிழாசிரியராக இருந்த இளைஞர் ஒருவரைச் சென்னைக்கு அழைத்துவந்து உதவியாசிரியராக்கினார். பாரதிக்கு அப்போது 21 வயது. ஆங்கிலத்தில் வரும் தந்திகளையும் தலைவர்களின் பேச்சுகளையும் தமிழாக்குவது வேலை. இன்று நமக்குச் சர்வசாதாரணமான அரசியல் தமிழ் அன்று கைவசம் இல்லை. ஒவ்வொரு நாளும் அச்சுக்குப் போகும் நேரத்துக்குள் அதை உண்டாக்க வேண்டியிருந்தது. பாரதியின் உரைநடைக்கு அந்த மேசைதான் பள்ளிக்கூடம்.

1908 கெட்ட வருஷம். வ.உ.சி. சிறைக்குப் போனார். பாரதி அப்போது எழுதிவந்த ‘இந்தியா’ பத்திரிகை மீது வழக்கு வந்து, அவர் புதுச்சேரிக்குத் தப்பினார். உடல்நலத்துக்காகக் குற்றாலத்தில் தங்கியிருந்த சுப்பிரமணிய ஐயரை ராஜத்துரோகக் குற்றம் சாட்டி ஆகஸ்டில் கைது செய்தார்கள். அவருக்குத் தொழுநோய் கண்டிருந்தது. கிளர்ச்சியில் ஈடுபடுவதில்லை என்று அரசுக்கு உறுதிமொழி கொடுத்த பிறகே வெளியே வந்தார். தேசபக்தர்கள் பலருக்கு அது ஏமாற்றம். நோயாளியின் உடம்பை நினைத்துப் பார்க்கும் என்னால் அவரைக் குற்றம் சொல்ல முடியவில்லை.

1915-இல் சென்னைக்கு வந்த காந்தி, நோயாளியாகக் கிடந்த அவரைத் தேடிப்போய்ப் பார்த்தார். அதே ஆண்டு ஐயர் சுதேசமித்திரனை ஏ. ரங்கசாமி ஐயங்காரிடம் ஒப்படைத்தார். 1916 ஏப்ரல் 18-ஆம் தேதி காலமானார்.

1920-இல் பாரதி சுதேசமித்திரன் அலுவலகத்துக்குத் திரும்பி வந்து மறுபடி உதவியாசிரியர் வேலையில் அமர்ந்தார். மதுரையிலிருந்து அவரை முதன்முதல் கூட்டிவந்தவர் அப்போது அங்கே இல்லை.