மூன்று இடங்களில் ஒரு கிராமம்

ஒரு கிராமம் எங்கே இருக்கிறது, அதில் எத்தனை பேர் வாழ்கிறார்கள் என்று கேட்டால் பொதுவாக இரண்டு வரியில் பதில் சொல்லிவிடலாம். ஈரானில் உள்ள மேமந்த் கிராமத்திற்கும் அப்படி ஒரு பதில் உண்டு. கெர்மான் மாகாணத்தில், ஷஹ்ரே பாபக் நகருக்கு வடகிழக்கே சுமார் 35 கிலோமீட்டர் தூரம். கடல் மட்டத்திலிருந்து 2,200 மீட்டருக்கும் அதிகமான உயரம். 2006-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி 181 குடும்பங்கள், 673 பேர். (பன்னீருக்குப் பெயர்பெற்ற இன்னொரு மேமந்த் ஃபார்ஸ் மாகாணத்தில் இருக்கிறது. அது வேறு ஊர்.)

ஆனால் இந்த விலாசத்தை நம்பிக் கோடையில் போனால் ஊர் வெறிச்சோடிக் கிடக்கும். ஏனென்றால் மேமந்த் மக்களுக்கு வருடத்தில் மூன்று ஊர்!

இவர்கள் ஆடு மேய்ப்பவர்கள், கொஞ்சம் விவசாயமும் உண்டு. குளிர்காலம் முடியும்போது மந்தையோடு மேய்ச்சல் வெளிக்குப் போய் வசந்தம் முடியும் வரை அங்கே தங்குகிறார்கள். அந்த இடத்திற்கு 'சரே ஆகோல்' என்று பெயர். ஆகோல் என்றால் ஆட்டுப்பட்டி. காற்றுக்குப் பயந்து பாதி மண்ணுக்குள் இறக்கிக் கட்டிய வீடுகள் அங்கே இருக்கும். கோடைக்கு 'சரே பாக்'. இது நம் பெங்களூர் லால்பாக்கில் வரும் அதே 'பாக்' தான், தோட்டம் என்று பொருள். ஓடைகளின் பக்கத்தில் சாந்து இல்லாமல் கல் அடுக்கி, புல்கூரை போட்ட வீடுகள். இலையுதிர்காலத்தில் அதையும் விட்டுவிட்டுப் பள்ளத்தாக்கில் உள்ள ஊருக்கு வருகிறார்கள்.

அந்த ஊர்தான் அதிசயம். மென்மையான பாறையைக் குடைந்து, சில இடங்களில் ஒன்றன்மேல் ஒன்றாக ஐந்து அடுக்கு வரை வீடுகள்! இந்த வீட்டுக்குக் 'கீச்சே' என்று பெயர். ஒரு வீட்டில் ஒன்று முதல் ஏழு அறைகள் வரை இருக்கும். சுமார் 400 கீச்சேக்கள் அடையாளம் காணப்பட்டுள்ளன, அதில் சிதையாமல் இருப்பவை 123. உள்ளே அடுப்புப் புகை படிந்து சுவரெல்லாம் கரிக்கறுப்பு. சுற்றுலா விளம்பரங்கள் இதற்கு 12,000 வயது என்கின்றன. செங்கல்லும் சாந்தும் இல்லாமல், கல்லை எடுத்துவிட்டு உண்டாக்கிய வீட்டிற்கு அவ்வளவு துல்லியமாக வயது சொல்வதை நம்புவது கடினம். இம்மக்கள் பேசும் பாரசீகத்தில் பழைய பஹ்லவிச் சொற்கள் தங்கியிருப்பதாகச் சொல்லப்படுகிறது.

இப்போது அந்த 673-க்கு வருவோம். வணிகவியல் படிப்பவர்களுக்கு இது சுலபமாகப் புரியும். இருப்புநிலைக் குறிப்பு என்பது ஒரு குறிப்பிட்ட நாளில் உள்ள நிலையை மட்டுமே காட்டும். மக்கள்தொகைக் கணக்கும் அப்படித்தான். ஈரானில் 2006 கணக்கெடுப்பு அக்டோபர் கடைசியிலிருந்து நவம்பர் நடுப்பகுதி வரை நடந்தது. அதாவது ஜனங்கள் தோட்டத்திலிருந்து குகைக்குத் திரும்பும் பருவம். அதே கணக்கை ஏப்ரலில் அந்தப் பள்ளத்தாக்கில் எடுத்திருந்தால் வேறு எண் வந்திருக்கும்.

2005-இல் மேமந்திற்கு மெலினா மெர்கூரி பரிசு கிடைத்தது. 2015-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றது. பட்டியலில் சேர்ந்தது வெறும் குகைகள் அல்ல, மேய்ச்சல் வெளியும் தோட்டமும் குகையும் சேர்ந்த பண்பாட்டு நிலப்பரப்பு. இதில்தான் சிக்கல். பாறையைப் பாதுகாக்க அரசாங்கத்தால் முடியும். இளைஞர்கள் நகரத்து வேலைக்குப் போய்விட்டால் வசந்தத்தில் மந்தையை ஓட்டிக்கொண்டு போக யார் இருப்பார்கள்? குகைகளைப் பார்க்க ஆட்கள் வந்துகொண்டுதான் இருப்பார்கள். ஆட்டுப்பட்டிப் பக்கத்து வீடுகளோ ஆண்டுதோறும் யாராவது வந்து கூரையைச் சரிசெய்தால்தான் நிற்கும்.