கம்பியில் சிக்கிய வேகம்

வீட்டுக் கணினிகளின் காலத்தைப் பற்றி எழுதுவோர் கமடோர் 64-ஐ மனமாரப் புகழ்ந்துவிட்டு, அதன் 1541 ஃப்ளாப்பி டிரைவை நத்தை என்று சொல்லிக் கடந்துவிடுவார்கள். நத்தைதான், மறுப்பதற்கில்லை. நொடிக்குச் சுமார் 400 பைட்; 40 கிலோபைட் விளையாட்டு ஒன்று ஏறி முடிய ஒன்றரை நிமிடத்துக்கு மேல் ஆகும். ஆனால் பழியை ஃப்ளாப்பியின் தலையில் கட்டுவது நியாயமில்லை. வட்டு நிமிடத்துக்கு 300 முறை சுற்றுகிறது. ஒரு தடத்தில் நாலு கிலோபைட்டுக்குக் குறையாமல் தகவல் இருக்கிறது. கணக்குப் போட்டால், ஹெட்டுக்கு அடியில் நொடிக்கு 20 கிலோபைட்டுக்கு மேல் ஓடுகிறது. அதில் ஐம்பதில் ஒரு பங்குகூடக் கணினியை எட்டவில்லை. மீதி வேகம் இரண்டுக்கும் நடுவில் இருந்த கம்பியில்தான் தொலைந்தது.

தொலைந்த கதை கமடோரின் முந்தைய கணினியான விக்-20-இல் தொடங்குகிறது. அதிலிருந்த 6522 சிப்பில், தகவலைத் தானாகவே வரிசையாக அனுப்ப வேண்டிய பகுதியில் ஒரு கோளாறு. அதனால் ஒவ்வொரு பிட்டையும் மென்பொருளே கைபிடித்து அனுப்ப வேண்டியதாயிற்று. 1982-இல் வந்த கமடோர் 64-இன் புதிய சிப்பில் அந்தக் கோளாறு இல்லை. ஆனாலும் பழைய முறையே தொடர்ந்தது. போதாததற்கு, திரையை வரையும் சிப் அவ்வப்போது பிராசஸரை நிறுத்திவைத்ததால் பிட்டுகள் தவறிப்போகும் அபாயம் வந்தது. அதைத் தவிர்க்க, 1540 என்ற பழைய டிரைவை இன்னும் மெதுவாக்கி 1541 என்று விற்றார்கள்!

விலையைக் குறைக்க வேறு வழியில்லை என்று வாதிடலாம். ஆப்பிளின் டிஸ்க் II டிரைவ் இதற்குப் பதில் சொல்கிறது. 1978-இல் ஸ்டீவ் வாஸ்னியாக் செய்தது இதைவிடக் கடுமையான சிக்கனம். ஷுகார்ட் நிறுவனத்தின் டிரைவில் இருந்த சர்க்யூட்டில் பெரும்பகுதியைக் கழற்றிவிட்டு, ஒரு சிறிய கார்டில் விரல்விட்டு எண்ணக்கூடிய சிப்புகளை வைத்து, மிச்ச வேலையைக் கணினியின் பிராசஸரிடமே விட்டார். வேகம் கெடவில்லை. ஆக, குற்றம் சிக்கனத்தில் இல்லை. எதில் கைவைத்தார்கள் என்பதில் இருக்கிறது. கேசட்டோடு ஒப்பிட்டால் 1541 பறக்கவே செய்தது, கணினியும் லட்சக்கணக்கில் விற்றதே என்பது அடுத்த வாதம். கேசட்டைவிட வேகம் என்பது உண்மைதான். விற்பனையோ கணினியின் விலைக்கும் ஒலிக்கும் வண்ணத்துக்கும் கிடைத்தது. டிரைவுக்கு அது நற்சான்றிதழ் ஆகாது.

வேடிக்கை என்னவென்றால், கம்பியில் கஞ்சத்தனம் காட்டிய கமடோர் டிரைவுக்குள் ஒரு பிராசஸரையும் 2 கிலோபைட் நினைவகத்தையும் தாராளமாக வைத்திருந்தது. வெட்டிச் செலவு என்று தோன்றிய அதுதான் கைகொடுத்தது. டிரைவின் நினைவகத்துக்குள் புதிய நிரலை அனுப்பி, இரு பக்கமும் வேறு முறையில் பேசிக்கொள்ளச் செய்யலாம் என்று வெளியார் கண்டுகொண்டார்கள். எபிக்ஸ் நிறுவனத்தின் ஃபாஸ்ட் லோடு கார்ட்ரிட்ஜைச் செருகினால் போதும், வேகம் ஏறத்தாழ ஐந்து மடங்கு. ஒரு கம்பியைக்கூட மாற்ற வேண்டியதில்லை. பின்னாளில் வந்த சில நகலெடுக்கும் நிரல்களோ, இரண்டு டிரைவுகளில் ஏறி உட்கார்ந்தபின், கணினியைக் கழற்றிவிட்டாலும் ஒரு ஃப்ளாப்பியிலிருந்து இன்னொன்றுக்கு நகலெடுத்துக்கொண்டே இருந்தன.