மசாவோ அடாச்சி: பிங்க் படத்திலிருந்து லெபனான் வரை

1960களின் ஜப்பானில் 'பிங்க் படம்' எண்டால் சின்னச் செலவு, சில நாள் படப்பிடிப்பு, இடைக்கிடை படுக்கையறைக் காட்சி. அது இருந்தால் சரி, மிச்சத்தில் என்ன கதைத்தாலும் பெரிசாகக் கேள்வியில்லை. அந்த ஓட்டைக்குள்ளால் அரசியலைக் கொண்டுவந்தவர்களில் ஒருவர் திரைக்கதையாளர் மசாவோ அடாச்சி.

கோஜி வகமட்சுவுக்கு அவர் எழுதிய 'கரு இரகசியமாக வேட்டையாடுகிறது' (1966) அநேகமாக ஒரே வீட்டுக்குள் நடக்கிறது. ஒருவன் ஒரு பெண்ணை அடைத்துவைத்து வதைக்கிறான்; கடைசியில் அவள் அவனைக் கொல்கிறாள். அதிகாரத்தைப் பற்றிய படம்தான். ஆனாலும் பெண்ணுடல் மேலான வதையை அவ்வளவு நேரம் பார்க்கவைப்பது எனக்கு இன்னும் உறுத்துகிறது. பிறகு வந்த சில திரைக்கதைகளில் அவர் பெயர் இல்லை, 'தெகுச்சி இசுரு' என்ற புனைபெயர்தான். தெகுச்சி எண்டால் வெளியே போகிற வாசல்.

என்னைக் கேட்டால், அவருடைய ஆகத் துணிச்சலான வேலை, நண்பர்களோடு 1969இல் எடுத்த ஆவணப்படம். நான்கு பேரைச் சுட்டுக்கொன்ற 19 வயது நொரியோ நகயாமா பற்றியது. அதில் நகயாமாவும் இல்லை, இரத்தமும் இல்லை. அவன் வாழ்ந்து அலைந்த ஊர்கள், தெருக்கள், ரயில் நிலையங்கள் மட்டும். எல்லா ஊரும் ஒரே மாதிரி. அந்த ஒரே மாதிரித்தனத்தில்தான் அதிகாரத்தைக் காட்டுகிறார்.

1974இல் அடாச்சி லெபனான் போய் ஜப்பானியச் செம்படையில் சேர்ந்தார். 1972இல் லொட் விமான நிலையத்தில் 26 பேரைக் கொன்ற தாக்குதலும் அந்த இயக்கத்தின் கதைதான். அதை விட்டிட்டு அவரை வீரனாக்கேலாது. 1997இல் அங்கே கைது, 2000இல் ஜப்பானுக்கு நாடுகடத்தல். 2022இல் ஷின்ஸோ அபே சுட்டுக்கொல்லப்பட்டு சில மாதங்களுக்குள், சுட்டவனைப் பற்றிய படத்தோடு வந்தார். அப்போது வயது 83.